சாமி என்று கூப்பிட்ட புளியமரம்

எருமப்பட்டிப் பக்கம் போனால் இன்றைக்கும் எனக்குப் பெயர் தொட்டி டீச்சர்தான். தொட்டில் என்று முழுசாகச் சொல்ல யாருக்கும் பொறுமை கிடையாது. பஸ்ஸில் முன்பின் தெரியாத ஒருத்தி எழுந்து எனக்கு இடம் கொடுப்பாள். "உக்காருங்க டீச்சர். உங்க மரத்துப் புண்ணியத்துலதானுங்க எம்பையன் பொறந்தான்" என்பாள். பக்கத்தில் நிற்கிற பையனைத் தள்ளி என் காலைத் தொடச் சொல்வாள். எழுந்து அடுத்த நிறுத்தத்தில் இறங்கிவிடலாமா என்று இருக்கும். ஆனால் முட்டி வலிக்கிறதே. உட்கார்ந்துகொள்வேன்.

அது என் மரமே இல்லை. ஏரிக்கரைப் புளியமரம். நான் அதில் வேண்டுதல் எதுவும் செய்யவில்லை. ஊரைத் திட்டுவதற்காகத்தான் அதில் தொட்டில் கட்டினேன். இதை எத்தனை பேரிடம் சொல்லியிருப்பேன்! சொல்லிச் சொல்லி வாய் ஓய்ந்துபோயிற்று. எழுதித் தொலைத்துவிட்டால் இனி சொல்ல வேண்டியதில்லை பாருங்கள், அதற்காகத்தான் எழுதுகிறேன்.

நான் ஆத்தூர்ப் பக்கத்தில் பிறந்தவள். மெட்ராசில் ஓவியம் படித்து, வேறு ஊர்களில் வேலை பார்த்துவிட்டு, நாற்பதை நெருங்குகிற வயசில், எழுபதுகளின் நடுவில் எருமப்பட்டிக்குப் பக்கத்து ஊர்ப் பள்ளிக்கூடத்துக்கு டிராயிங் டீச்சராக வந்தேன். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. ஏன் என்பதற்கு ஊரிடம் நிறையக் காரணங்கள் இருந்தன, என்னிடம் ஒன்றுகூட இல்லை. பள்ளியில் பிள்ளைகளுக்கு மாங்காயும் குடமும் வரையக் கற்றுக்கொடுப்பேன். லீவு நாட்களில் என் சொந்த வேலை.

மூடிப்போன டூரிங் டாக்கீஸ் ஒன்றிலிருந்து, இடைவேளையில் சிலைடு காட்டுகிற பழைய விளக்குப் பெட்டி ஒன்று எனக்குக் கிடைத்திருந்தது. கண்ணாடித் துண்டுகளில் படம் வரைந்து, சிலவற்றில் போட்டோ நெகட்டிவை வெட்டி ஒட்டி, அதற்குள் செருகி ஒரு வெள்ளை வேட்டியின் மேல் காட்டுவேன். கூடவே ஒரு டேப்ரிக்கார்டர். ஜனங்கள் பேசுவதைப் பதிவு செய்து, படம் ஓடும்போது குழாய் ஸ்பீக்கரில் விடுவேன். குழாயும் ஆம்பிளிபயரும் சேந்தமங்கலத்து ரேடியோ செட்டுக்காரருடையவை. கல்யாணம், காதுகுத்து, கோயில் நோம்பி எதுவானாலும் மரத்தில் குழாயைக் கட்டி ஊருக்கே பாட்டுப் போடுகிறவர். என் வேலைக்கும் வந்து கட்டுவார். நான் என்ன செய்கிறேன் என்பது அவருக்குக் கடைசிவரை விளங்கவில்லை. ஆனால் சத்தம் மட்டும் சுத்தமாக வரவேண்டும் அவருக்கு.

சேந்தமங்கலம் சந்தையில் ஒரு தடவை, டீக்கடையில் ஒரு சாராருக்கென்று தனியாக ஒதுக்கி வைத்திருந்த டம்ளர்களைக் கேட்டு வாங்கிக் கம்பியில் வரிசையாகத் தொங்கவிட்டேன். பொழுது சாய்ந்ததும் அவற்றின் மேல் அதில் டீ குடிக்கிறவர்களின் முகங்களை விழச் செய்தேன். குழாயில் அவர்கள் குரல். ஜனங்கள் நின்று பார்த்தார்கள், தலையை ஆட்டினார்கள். முடிந்ததும் டீக்கடைக்காரர் வந்தார். "ஆச்சுங்களா டீச்சர்? டம்ளர எடுத்துக்கட்டுங்களா, யாவாரம் கெடக்குது" என்று ஒவ்வொன்றாக அவிழ்த்துக்கொண்டு போனார். மறுநாள் அதே டம்ளரில் அதே ஆட்களுக்கு டீ. முன்னைக்கு இப்போது கொஞ்சம் நன்றாகக் கழுவியிருந்தார்.

மோகனூரில் காவிரிக் கரையில், கரும்பு வெட்ட வந்த பெண்களின் உள்ளங்கைகளை ஆள் உயரத்துக்கு வேட்டியில் காட்டினேன். வெட்டும் வெடிப்புமாக இருக்கும் அந்தக் கைகள். கூட்டம் பொறுமையாக உட்கார்ந்து பார்த்தது. கடைசிக் கையும் போனபிறகு முன்னால் இருந்த பெரியவர், "கையெல்லாம் காட்டிப்போட்டீங்க. ஆள எப்பங்க காட்டுவீங்க?" என்றார்.

கோபப்பட்டுக் கல்லெறிந்தால்கூட வைத்துக்கொள்ளலாம். பட்டிருக்கிறது என்று தெரியுமல்லவா? இவர்கள் மரியாதையாக உட்கார வைத்து, காப்பி கொடுத்து, ஒன்றுமே நடக்காத மாதிரி பஸ் ஏற்றிவிட்டு விடுவார்கள். எண்பதாம் வருஷம் பிறந்தபோது எனக்கு அலுத்துவிட்டது. விளக்குப் பெட்டியையும் டேப்ரிக்கார்டரையும் பரணில் போட்டேன். திரும்ப இறக்கவே கூடாது என்றுதான் போட்டேன்.

எனக்குப் பால் ஊற்றிக்கொண்டிருந்தவள் பக்கத்துத் தோட்டத்துக்காரி. என்னைவிட ரொம்பச் சின்னவள். புருஷன் லாரி டிரைவர், வடக்கே லோடு போனால் சீக்கிரம் திரும்ப மாட்டான். வீட்டில் மாமியார் வைத்ததுதான் சட்டம். இவள் எருமையைக் கறந்து எடுத்துக்கொண்டு விடிந்ததும் என் வாசலுக்கு வருவாள். வாய்க்குள்ளேயே பேசுவாள். இரண்டு தடவை 'என்ன?' என்று கேட்டால்தான் எனக்குக் காதில் விழும். அந்த வீட்டில் அவள் குரல் எருமைக்கு மட்டும்தான் தெரியும் என்று நான் கேலி செய்வேன். சிரிப்பாள், அதுவும் சத்தம் வராமல்.

அவளுக்கு இரண்டு பெண்கள். மூன்றாவதை அவள் சுமந்துகொண்டு நடந்ததைத் தினமும் பார்த்தவள் நான். பிறகு கொஞ்ச நாள் மாமியார்தான் பால் கொண்டுவந்தாள். நான் கேட்டால், "அவளுக்கு முடியலீங்க" என்பாள். அப்புறம் ஒரு காலையில் இவளே வந்து நின்றாள். வயிறு இல்லை.

"என்ன குழந்தைம்மா?" என்று கேட்டேன்.

"பொண்ணுங்க. தங்கல."

பாலை ஊற்றிவிட்டுப் போய்விட்டாள்.

தங்கல. பிள்ளை தங்கவில்லை. எங்கள் ஆத்தூரிலும் சொல்வார்கள், சீக்கு வந்து போய்விட்டால். இங்கே அதே வார்த்தைக்குள் வேறொன்று இருந்தது. வகுப்பில் ஒரு பிள்ளையிடம், "உனக்கு அப்புறம் யார் இருக்கிறார்கள்?" என்று கேட்டால், "ஒரு பாப்பா பொறந்துச்சுங்க டீச்சர், தங்கல" என்று பென்சில் சீவிக்கொண்டே சொல்லும். எல்லா வீடும் அப்படி இல்லை. பெண்ணைத் தலையில் வைத்துக் கொண்டாடிய வீடுகளும் அதே தெருவில் இருந்தன. ஆனால் தங்காத வீடுகளில், பையன்கள் தங்கினார்கள், முதல் ஒன்றிரண்டு பெண்கள் தங்கினார்கள், அதற்குப் பிறகு வந்தவர்கள்தான் தங்கவில்லை. எப்படி என்பதை நான் எழுத மாட்டேன். ஊரில் எல்லோருக்கும் தெரியும். நகை, சீர், மாப்பிள்ளை வீட்டார் கேட்கிற கேள்வி என்று காரணமும் சொல்வார்கள். யாரும் யாரையும் ஏன் என்று கேட்க மாட்டார்கள்.

அடுத்த வருஷம் அவள் மறுபடியும் உண்டானாள். ஒருநாள் பாலை ஊற்றிவிட்டுப் போகாமல் நின்றாள்.

"இதும் பொண்ணாப் பொறந்தா அத்தை இருக்கவுடாதுங்க, டீச்சர்" என்றாள்.

"உன் வீட்டுக்காரரிடம் சொல்லேன்."

"அவுரு வாரதுக்குள்ள எல்லாம் முடிஞ்சிருக்குமுங்க."

"போலீஸ்?"

"போயி என்னங்க சொல்றது? இன்னும் பொறக்கவே இல்லீங்களே."

எனக்குத் தெரிந்த ஒரே வேலை எது? அதைத்தான் செய்தேன். பரணில் இருந்து டேப்ரிக்கார்டரை இறக்கினேன்.

ஏரிக்கரையில் ஒற்றையாக நிற்கும் புளியமரம் ஒன்று. ஊர்ப்பெண்கள் எல்லோரும் தண்ணீருக்கும் காட்டு வேலைக்கும் அதைத் தாண்டித்தான் போக வேண்டும். அதில் வெள்ளைத் துணியில் வெற்றுத் தொட்டில்களாகக் கட்டித் தொங்கவிடுவது என்று முடிவு செய்தேன், தங்காமல் போன ஒவ்வொரு பெண்ணுக்கும் ஒன்று. கூடவே ஒரு குரல், சாயங்காலம் விளையாடப் போன பிள்ளையைத் தாய் கூப்பிடுகிற குரல். தொட்டிலில் ஆள் இல்லாமல் குரல் மட்டும் கூப்பிட்டுக்கொண்டே இருக்க வேண்டும். வீட்டில் சோறு இறங்கக் கூடாது இவர்களுக்கு. அப்படி ஒரு வெறி எனக்கு.

பால்காரியைத்தான் கூப்பிட வைத்தேன். என் வீட்டு அறையில் மைக்கை நீட்டினேன். முதலில் வழக்கம்போல வாய்க்குள் முனகினாள். "உன் பிள்ளைகள் ஏரிக்கு அந்தக் கரையில் நிற்பதாக நினைத்துக்கொண்டு கூப்பிடு" என்றேன். கண்ணை மூடிக்கொண்டாள்.

"சாமீ... வா சாமீ... ஊட்டுக்கு வா சாமீ..."

அடேயப்பா! இவளுக்குள் இப்படி ஒரு தொண்டையா என்று எனக்கே தூக்கிவாரிப் போட்டது. இந்தப் பக்கத்தில் கிழவரையும் சாமி என்பார்கள், கைக்குழந்தையையும் சாமி என்பார்கள். ஆத்தூரில் அந்தப் பழக்கம் குறைவு. எனக்கு அந்த வார்த்தையின் மேல் ஒரு மயக்கமே உண்டு. அந்த மயக்கம்தான் என்னைக் கவிழ்த்தது.

ரேடியோ செட்டுக்காரர் கிளைகளுக்குள் குழாயைக் கட்டினார். அடியில் ஒரு தகரப் பெட்டிக்குள் லாரி பேட்டரி, ஆம்பிளிபயர், டேப். தினமும் பொழுது சாய்கிற நேரத்தில் வந்து போட்டுவிடுவார். முதல் நாள் காட்டிலிருந்து திரும்பிய பெண்கள் மரத்தடியில் அப்படியே நின்றுவிட்டார்கள். காற்றில் வெள்ளைத் தொட்டில்கள் ஆடின, குழாய் கூப்பிட்டது. இரண்டு மூன்று பேர் முந்தானையை வாயில் அழுத்திக்கொண்டு அழுதார்கள். இத்தனை வருஷத்தில் முதல் தடவையாகப் பட்டிருக்கிறது என்று நினைத்தேன். சேலத்திலிருந்து பத்திரிகை நடத்துகிற நண்பர் ஒருவர் வந்து பார்த்துவிட்டு, "இதுதான் கலை" என்று என் கையைப் பிடித்துக் குலுக்கினார்.

அந்த வாரம் முடிவதற்குள் ஒரு தொட்டில் மஞ்சளாக இருந்தது.

யாரோ மஞ்சளை அரைத்து நனைத்திருந்தார்கள். அடுத்து இன்னொன்று. பிறகு மரத்தண்டில் குங்குமம், வேரில் எலுமிச்சம்பழம். நான் கட்டாத புதுத் தொட்டில் ஒன்று, உள்ளே ஒரு மரப்பாச்சியோடு. நான் ரேடியோ செட்டுக்காரரைப் பிடித்து உலுக்கினேன்.

"நான் என்னங்க பண்றது? மரம் சாமி சாமின்னு கூப்புடுதுன்னு சனம் பேசிக்குதுங்க. தட்டத்தக் கொண்டாந்து எங்கிட்ட நீட்டறாங்க. வேண்டாம்னா கோவிச்சுக்கறாங்க."

"இது உங்கள் குழாய்தானே? உள்ளே டேப்தானே ஓடுகிறது? அதைச் சொல்ல வேண்டியதுதானே!"

"சொன்னனுங்க. கோயில்லயும் குழாய்லதான் பாட்டு வருது, அதுக்காவ உள்ள சாமி இல்லாமப் போயிருமான்னு கேக்கறாங்க. அதுக்கு நான் என்னத்தச் சொல்றது?"

பிள்ளை வரம் கேட்டுக் கோயில் மரத்தில் தொட்டில் கட்டுவார்கள் என்று எனக்குத் தெரியாதா? நன்றாகத் தெரியும். அதனால்தானே வேம்பையும் அரசையும் விட்டுவிட்டு, பேய் மரம் என்று பேர் வாங்கிய புளியமரமாகப் பார்த்துத் தேடிப் பிடித்தேன்! அதற்கும் பதில் வைத்திருந்தார்கள். புளியமரத்திலேயே சாமி இறங்கியிருக்கிறது என்றால் எத்தனை சக்தி பாருங்கள் என்றார்கள்.

நேரே போய் மரத்தடியில் நின்று கத்தினேன். "இது வேண்டுதல் தொட்டில் இல்லை! நீங்கள் பெற்று, தங்கவில்லை என்று சொன்னீர்களே, அந்தப் பெண் குழந்தைகளின் தொட்டில்! உங்களுக்கு வெட்கமாக இல்லையா?"

மஞ்சள் துணியோடு வந்திருந்த ஒருத்தி என்னைப் பார்த்து அன்பாகத் தலையை ஆட்டினாள்.

"தெரியுமுங்க டீச்சர். அந்தப் பாப்பாங்கதானுங்க சாமியா வந்து கூப்புடுதுங்க. அதுங்ககிட்டக் கேட்டா ஒரு பையனக் குடுக்காமயா போயிரும்?"

அன்றைக்கு வீட்டுக்கு வந்து சோறுகூடப் பொங்கவில்லை, சுவரில் சாய்ந்து உட்கார்ந்தவள்தான். சோறு இறங்காமல் போனது எனக்குத்தான்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அரிவாளை எடுத்துக்கொண்டு போனேன். எல்லாவற்றையும் அறுத்துப் போட்டுவிட்டு மாற்றல் வாங்கிக்கொண்டு போய்விடுவது என்று. மரத்தடியில் பால்காரி நின்றிருந்தாள். வயிறு இறங்கிவிட்டது, இன்றோ நாளையோ என்று இருந்தாள். எக்கி ஒரு தொட்டிலைக் கட்டிக்கொண்டிருந்தாள்.

"நீயுமா?" என்றேன்.

"அத்தை கட்டீட்டு வரச் சொன்னாங்க." கையில் அரிவாளைப் பார்த்தாள். "அவுக்காதீங்க டீச்சர்."

"ஏன்?"

அவள் கட்டின முடிச்சை இறுக்கினாள். பிறகு, "அந்த டேப்புல இன்னொருக்கா நான் பேசட்டுங்களா?" என்று கேட்டாள்.

அவள் நினைப்பது எனக்கு உடனே புரிந்துவிட்டது. புரிந்ததும் ஆத்திரம் வந்தது. "என்னை என்ன குறி சொல்கிறவள் என்று நினைத்தாயா? இந்த மாதிரி நம்பிக்கைகளோடு சண்டை போடத்தான் இத்தனை வருஷம் இந்தப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு அலைந்தேன். கடைசியில் நானே மரத்தைப் பேச வைக்கவா?" என்று என்னென்னவோ சொன்னேன். கலை என்றேன், பகுத்தறிவு என்றேன். அவள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு வேரில் உட்கார்ந்து, நான் முடிக்கிற வரைக்கும் கேட்டாள்.

"மனுசரு சொன்னா அத்தை காதுலயே போட்டுக்க மாட்டாங்க. நீங்க சொன்னீங்க, கேட்டாங்களா? எம்புள்ள தங்கோணுமுங்க. அது எப்பிடித் தங்குனா என்னங்க?"

என் மனம் மாறிவிட்டது என்று சொன்னால் பொய். நியாயம் பேச அதற்குமேல் தெம்பு இல்லை. அவ்வளவுதான்.

என் அறையில் மறுபடி மைக்கை வைத்தேன். அவள் பேச வேண்டியதை நான் ஒரு தாளில் எழுதியிருந்தேன். பெண்ணும் உயிர்தான், பெண்ணைக் காப்பாற்றுங்கள் என்று. வாசித்துக் காட்டியதும், "இது பள்ளிக்கூடத்துப் பேச்சுங்க" என்றாள். கண்ணை மூடிக்கொண்டு, அவளாகவே பேசினாள்.

"சாமீ... நாந்தான் வாரேன் சாமீ. ஒருக்கா வந்தேன், தங்கவுடல. மறுக்கா வாரேன். பொண்ணாத்தான் வாரேன். எம்பின்னால பையன் வருவான். என்னய அனுப்பிச்சீங்கன்னா அவனும் வரமாட்டான் சாமீ..."

டேப்பை நிறுத்தினேன். எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்திருந்தது. ஆனாலும் கேட்டேன். "எல்லாம் சரி. அந்தப் பையன் எதற்கு? அதை மட்டும் எடுத்துவிடலாமே?"

"அவன் இல்லாட்டி யாருங்க நின்னு கேப்பாங்க?" என்றாள்.

அந்த ஒரு வரியை நான் எடுத்திருக்கலாம். எடுக்கிற கருவி என் கையில்தான் இருந்தது. எடுக்கவில்லை.

வெள்ளிக்கிழமை பொழுது சாய்கிற நேரத்தில் ரேடியோ செட்டுக்காரர் புது டேப்பைப் போட்டார். நல்ல கூட்டம். மாமியார் முன்னாலேயே நின்றிருந்தாள், கையில் தேங்காய் பழத் தட்டோடு. மருமகள் பிள்ளைகளைப் பிடித்துக்கொண்டு கடைசியில். குழாய் பேசியது. 'பொண்ணாத்தான் வாரேன்' என்றதும் கூட்டம் சலசலத்தது. 'எம்பின்னால பையன் வருவான்' என்றதும் சத்தம் அப்படியே அடங்கிவிட்டது. அவள் சொன்னது சரிதான், நின்று கேட்டார்கள்.

மாமியார் தட்டைக் கீழே வைத்தாள். "இன்னொருக்கா போடு சாமி" என்றாள் ரேடியோ செட்டுக்காரரிடம். அவர் சுற்றிவிட்டு மறுபடி போட்டார். கேட்டு முடித்ததும் அந்த அம்மாள் மண்ணில் விழுந்து கும்பிட்டாள். எழுந்திருக்க நேரமாயிற்று.

மருமகளின் குரல் அவளுக்குத் தெரியவில்லையா என்று பலர் என்னைக் கேட்டிருக்கிறார்கள். அந்த வீட்டில் அவள் ஒரு நாளாவது வாய்விட்டுப் பேசியிருந்தால் அல்லவா தெரிவதற்கு? ஒருவேளை தெரிந்தும் இருக்கலாம். தெரிந்துகொண்டே விழுந்து கும்பிட அவளுக்கும் ஒரு சாக்கு வேண்டியிருந்ததோ என்னவோ. நான் கேட்டதில்லை. கூட்டத்தில் ஒருவர், இது டேப்தானே என்று இழுத்தபோது, பக்கத்தில் இருந்தவர், "சாமி பூசாரி வாயில பேசறதில்லயா? இது டேப்பு வாயில பேசுது, போவியா" என்று அடக்கிவிட்டார்.

அதற்கப்புறம் ஒரு காலையில் மாமியார் பால் கொண்டுவந்தாள்.

போன தடவையும் இப்படித்தான் வந்தாள். பாத்திரத்தை நீட்டினேன். அவள் பாலை அளந்து ஊற்றினாள். கொசுறும் ஊற்றினாள்.

"பொண்ணுங்க டீச்சர்" என்றாள்.

நான் கதவைப் பிடித்துக்கொண்டேன்.

"மரம் சொன்னாப்பலயே வந்திருக்குது. தொட்டி கட்டிப் போட்டிருக்கறனுங்க. வந்து பாருங்க."

உள்ளே போய் அடுப்படியில் உட்கார்ந்து அழுதேன். பால் பொங்கி வழிந்து அடுப்பு அணைந்ததுகூடத் தெரியவில்லை.

சேலத்து நண்பர்களுக்கு விஷயம் போயிற்று. இதுதான் கலை என்று கையைக் குலுக்கியவர், "புரட்சி செய்யப் போய்க் கோயில் கட்டிவிட்டு வந்திருக்கிறீர்கள்" என்றார். இருக்கட்டும் என்றேன். அதே தெருவில் இன்னும் சில வீடுகளிலும் பெண்கள் தங்கினார்கள் என்று கேள்விப்பட்டேன். பின்னால் பையன் வருவான் என்கிற ஆசையில்தான். நான் எண்ணிப் பார்க்கவில்லை. எண்ணினால் எதை எண்ணுவது என்று தெரியவில்லை.

கொஞ்ச காலத்தில் பால்காரிக்குப் பையனும் பிறந்துவிட்டான். சும்மா பிறந்தான், உலகத்தில் பையன்கள் பிறக்கிற மாதிரி. ஊர் அதை அப்படி எடுத்துக்கொள்ளுமா? மரத்தைச் சுற்றி மேடை வந்தது, வேல் வந்தது, தகரக் கூரை வந்தது. எனக்கு மோகனூர்ப் பக்கம் மாற்றல் வந்ததும் போய்விட்டேன். அதற்குப்பின் நான் எதையும் எங்கேயும் தொங்கவிடவில்லை. விளக்குப் பெட்டியில் எலி குட்டி போட்டிருந்தது, அப்படியே விட்டுவிட்டேன்.

எண்பதுகள் முடிகிற சமயத்தில் பழைய பள்ளிக்கூடத்தில் ஒரு டீச்சரின் ஓய்வு விழாவுக்குப் போனேன். வெள்ளிக்கிழமை. திரும்பும்போது கால்கள் ஏரிக்கரைப் பக்கம் தானாகப் போயின. மரத்தில் இலை எது தொட்டில் எது என்று தெரியாத அளவுக்குக் கட்டியிருந்தார்கள். பிளாஸ்டிக் தொட்டில்கள்கூட இருந்தன. வயிற்றைத் தள்ளிக்கொண்டு பெண்கள் வரிசையில் நின்றார்கள், சிலர் இரண்டு பெண் பிள்ளைகளைக் கையில் பிடித்துக்கொண்டு. குழாயில் அதே டேப். தேய்ந்து கரகரத்து, 'எம்பின்னால பையன் வருவான்' மட்டும்தான் இன்னும் தெளிவாகக் கேட்டது.

ரேடியோ செட்டுக்காரர் நெற்றி நிறையத் திருநீறோடு ஓடி வந்தார். "டீச்சர்! வாங்க, வாங்க, நீங்க வரிசைல நிக்கறதா?" என்று கையைப் பிடித்தார். நான் நிற்கிறேன் என்றேன். மாமியார் தளர்ந்து போய் ஓர் ஓரமாக எலுமிச்சம்பழம் அறுத்துக்கொண்டிருந்தாள். பால்காரி பையனைக் கையில் பிடித்தபடி மேடைமேல் நின்றிருந்தாள். "வரிசையா வாங்க! இடிக்காதீங்க! பாப்பா மேல உழுவாதீங்க!" என்று அவள் போட்ட சத்தம் ஏரிக்கு அந்தக் கரைவரை கேட்டிருக்கும். என்னைப் பார்த்துவிட்டாள். கூட்டத்தின் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

மேடையில், பலகை போட்டு, பச்சைப் பட்டுப்பாவாடையில் உட்கார்ந்திருந்தாள் அவள். மரம் சொல்லி வந்த பெண். பள்ளிக்கூடம் போகிற வயசு. "வெள்ளிக்கிழமை மட்டும்தான் பள்ளிக்கோடம் போறதில்லீங்க" என்றார் ரேடியோ செட்டுக்காரர். முன்னால் வருகிற ஒவ்வொருத்தியும் காலைத் தொட, அவள் தட்டில் இருந்து திருநீற்றை எடுத்துப் பூசி ஏதோ சொன்னாள். கொட்டாவி வந்தது அவளுக்கு. ஒரு காலை இன்னொரு காலால் சொறிந்துகொண்டாள். முன்பல் ஒன்று விழுந்திருந்தது.

என் முறை வந்தது. குனிந்தேன். தலை முழுக்க நரைத்துப்போன என்னை நிமிர்ந்துகூடப் பார்க்காமல் சின்னக் கையை நீட்டி என் நெற்றியில் பூசினாள்.

"பையந்தான் பொறப்பான். போ சாமி" என்றாள்.

அந்தக் கையைப் பிடித்துக்கொண்டேன். வெதுவெதுவென்று இருந்தது. மணிக்கட்டில் நாடி ஓடுவது என் விரலுக்குத் தெரிந்தது. அவள் இழுத்துக்கொள்ளப் பார்த்தாள், நான் விடவில்லை.

பின்னால் இருந்தவள் என் முதுகில் கையை வைத்து, "சித்த நவுருங்க. எல்லாருக்கும் வேணுமில்லீங்க" என்றாள்.